ஒசாகாவில் கட்டிய மோளம்

முதல்ல நாத்தத்தைப் பத்திச் சொல்லிடறேன். செத்த மாட்டு நாத்தம் வேற, ஊறவச்ச தோல் நாத்தம் வேற. முதலாவது மூக்கில் ஏறி அடிக்கும், கொஞ்ச நேரத்தில் பழகிப்போகும். இரண்டாவது தொண்டைக்குள் இறங்கி உட்கார்ந்துகொள்ளும். சோறு தின்னும்போதும் கூடவே வரும். சேரியில் பிறந்தவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. முப்பத்தைந்து வருசமாக மறந்துபோச்சி என்று நான் நினைத்துக்கொண்டிருந்த அந்த நாத்தம், 2019 நவம்பரில், ஜப்பானில், ஒசாகா நகரத்தில் ஒரு மோளப் பட்டறையின் தள்ளுகதவைத் திறந்ததும் என் தொண்டையில் வந்து உட்கார்ந்தது.

தொழிலாளர் வரலாறு பற்றிய ஒரு கருத்தரங்குக்காகப் போயிருந்தேன். ஐந்து நாள். நான் வேலை பார்க்கும் கல்லூரியிலிருந்து இன்னொரு பேராசிரியரும் வந்திருந்தார். தங்கியிருந்த விடுதியின் வரவேற்பறையில் சுற்றுலாப் பயணிகளுக்கான துண்டறிக்கைகள் அடுக்கி வைத்திருந்தார்கள். பாரம்பரியக் கைத்தொழிலை நீங்களே செய்து பாருங்கள் என்று ஒரு வரிசை. காகிதம் மடிக்கலாம், துணிக்கு அவுரிச் சாயம் ஏற்றலாம், களிமண் கிண்ணம் வனையலாம். கூட வந்தவர் கிண்ணம் வனையலாம் என்றார். எனக்கு ஒரு துண்டறிக்கையின் மேல் கண் நின்றுவிட்டது. மோளம் கட்டும் பட்டறை. அவர்கள் மொழியில் தைக்கோ. பல தலைமுறைப் பாரம்பரியம், கெயாகி மரம், மாட்டுத்தோல், கைவினைஞரின் நுட்பம் என்றெல்லாம் வழவழப்பான தாளில் அச்சடித்திருந்தார்கள். யாருடைய பல தலைமுறை என்று ஒரு வார்த்தை இல்லை. ஆனால் கீழே முகவரியில் பேட்டையின் பெயர் இருந்தது: நானிவா.

அந்தப் பெயர் எனக்குத் தெரியும். 90களில் நாங்கள் சில பேர் சேர்ந்து ராத்திரியில் படிப்பு வட்டம் நடத்திக்கொண்டிருந்த காலத்தில், அம்பேத்கர் நூற்றாண்டு முடிந்த கையோடு, உலகத்தில் வேறு எங்கெல்லாம் நம்மை மாதிரி சனங்க இருக்காங்க என்று தேடிப் படித்தோம். அமெரிக்கக் கறுப்பர்களைப் பற்றி நிறைய கிடைத்தது. ஜப்பானைப் பற்றிக் கொஞ்சம்தான். புராக்குமின். 'புராக்கு' என்றால் வெறுமனே ஊர், குடியிருப்பு. நம் ஊரில் 'காலனி' என்ற சொல்லுக்கு என்ன கதி வந்ததோ அதேதான் அங்கேயும். அந்தச் சொல்லைச் சொன்னாலே யார் என்று தெரிந்துவிடும்.

அவர்களுக்கும் நமக்கும் நிறத்தில், முகத்தில், மொழியில் ஒரு சம்பந்தமும் இல்லை. அவர்களுக்கும் மற்ற ஜப்பானியருக்கும்கூட நிறத்தில், முகத்தில், மொழியில் ஒரு வித்தியாசமும் இல்லை. செத்த மாட்டை அப்புறப்படுத்துவது, தோல் உரிப்பது, தோல் வேலை, கொலைக்களத்தில் ஊழியம் என்று தலைமுறை தலைமுறையாகச் சுமத்தப்பட்ட வேலைதான் வித்தியாசம். தொக்குகாவா ஆட்சிக் காலத்தில் இவர்களை 'எத்தா' என்றார்கள். அதை எழுதுகிற எழுத்துக்கு 'மிகுந்த அழுக்கு' என்று பொருள். இன்னொரு பிரிவாருக்கு 'ஹினின்', மனிதரல்லாதவர் என்று பெயர். 1871இல் அரசு ஒரு ஆணை போட்டு இந்தப் பெயர்களை ஒழித்தது. அடுத்த வருசமே குடும்பப் பதிவேடு எடுத்தபோது பல இடங்களில் 'புதுக் குடிமகன்' என்று குறித்து வைத்தார்கள். பழசு யார், புதுசு யார் என்று தெரிந்துவிட்டதா? அந்தப் பதிவேட்டை யாரும் பார்க்கக்கூடாது என்று மூடியது 1968இல்தான். சட்டம் போட்டு ஒழிப்பதும் ஏட்டில் எழுதி வைப்பதும் ஒரே அலுவலகத்தில் நடக்கும். நமக்குத் தெரியாததா.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும், பௌத்தம் என்றதும் உருகிப்போகிற நம் தோழர்களுக்காக. ஜப்பான் பௌத்தம் பரவிய நாடு. அங்கே செத்தவர்களுக்குக் கோயிலில் ஒரு புதுப் பெயர் வைப்பார்கள். அதைக் கல்லறையிலும் பொறிப்பார்கள். புராக்கு மக்களுக்கு வைத்த பெயர்களில் பல இடங்களில் விலங்கு, இழிவு என்று பொருள் வரும் எழுத்துகளைச் சொருகி வைத்திருந்தார்கள். செத்த பிறகும் விடவில்லை. 1956இல் பாபாசாகேப் நமக்குக் கொடுத்தது நவயானம். ஏன் 'நவ' என்று சொன்னார் என்பது இதைப் படித்தபோது எனக்கு இன்னும் கொஞ்சம் புரிந்தது.

இத்தனை தெரிந்திருந்தும் என்னோடு வந்தவரிடம் நான் ஒன்றும் சொல்லவில்லை. மோளப் பட்டறைக்குப் போகலாமா சார் என்று மட்டும் கேட்டேன். போகலாமே, நம்ம மிருதங்கம் மாதிரிதானே என்றார்.

அஷிஹராபாஷி என்ற ரயில் நிலையத்தில் இறங்கினோம். அங்கிருந்து ஒரு தெருவுக்கு 'மனித உரிமை – தைக்கோ சாலை' என்றே பெயர் வைத்திருக்கிறார்கள். பழைய காலத்தில் இந்தப் பகுதி மக்களின் ஊருக்கு வதனாபே என்று பெயர். மேற்கு ஜப்பானின் பல பகுதிகளிலிருந்து தோல் இங்கே வந்து குவிந்தது, இங்கிருந்து மோளங்கள் கோயில்களுக்குப் போயின.

பட்டறையில் எழுபதை நெருங்கும் ஒரு பெரியவர், அவருக்கு உதவியாக ஒரு இளைஞர். ஆங்கிலம் தெரிந்த கல்லூரி மாணவி ஒருத்தி மொழிபெயர்க்க வந்திருந்தாள். எங்களைத் தவிர ஒரு ஆஸ்திரேலியத் தம்பதி. கதவைத் திறந்ததும் கூட வந்த பேராசிரியர் கைக்குட்டையை எடுத்து மூக்கில் வைத்துக்கொண்டார். ஐந்து நிமிசம் நின்றார். எனக்கு ஒத்துக்கலீங்க, வெளியே உட்கார்றேன் என்று போய்விட்டார். அவர் கெட்டவர் இல்லை. மார்கழி மாதம் சென்னையில் சபா சபாவாகப் போய்க் கச்சேரி கேட்கிறவர். மிருதங்கத்தில் மாடு, எருமை, ஆடு மூன்று தோலும் இருக்கிறது, அதைப் பதம் பார்த்துக் கட்டுகிறவர்களில் பெரும்பாலோர் நம் சனங்கள், அதிலும் கிறித்துவர்களான நம் சனங்கள் என்று அவருக்குத் தெரியுமோ தெரியாதோ. மேடையில் இருப்பது வெறும் நாதம்தானே. நாதத்துக்கு நாத்தம் கிடையாது.

வேலை இப்படி. மரக்கூடு ஏற்கெனவே குடைந்து வைத்திருந்தது. இரண்டு சாண் உயரம். கெயாகி என்கிற மரம், நம்ம தேக்கு மாதிரி ரேகை. ஒரே கட்டையைக் குடைவதுதான் முறை. தோல் பதனிட்டது அல்ல, முடி மட்டும் நீக்கிய பச்சைத்தோல். செருப்புக்குப் பதனிடுவது போல் பதனிட்டால் சத்தம் செத்துவிடும். முடி போக்க அரிசித் தவிட்டில் ஊறப்போடுவார்களாம். எங்க தாத்தா சுண்ணாம்புத் தண்ணீரில் போடுவார். ஈரத்தோலைக் கூட்டின் வாய்மேல் போர்த்தி, விளிம்பில் ஓட்டை போட்டு முளைக்குச்சிகளைச் சொருகி, குச்சிக்கும் அடிப்பலகைக்கும் கயிறு கட்டி, ஆப்பு வைத்து ஆப்பு வைத்து இழுக்க வேண்டும். கொட்டாப்புளியால் ஆப்பை ஒரு தட்டு, பிறகு தோலை ஒரு தட்டு. காது கொடுத்துக் கேட்பது. மறுபடி ஆப்பு. பெரிய மோளமாக இருந்தால் கட்டுகிறவர்கள் தோல்மேலேயே ஏறி நின்று மிதிப்பார்களாம். அந்த இளைஞர் மூலையில் இருந்த ஒரு பெரிய மோளத்தின் மேல் வெறுங்காலோடு ஏறி நின்று குதித்துக் காட்டினார். ஆஸ்திரேலியர்கள் கைதட்டினார்கள்.

எனக்கு ஒரு தோலைக் கையில் கொடுத்தார் பெரியவர். அந்த ஈரமும் வழுவழுப்பும் கையில் பட்டதும் நான் என்ன செய்தேன் என்று எனக்கே தெரியாது. அதை இரண்டு கையிலும் பிடித்து ஜன்னல் வெளிச்சத்துக்கு நேராகத் தூக்கினேன். உண்ணி கடித்த தழும்பு இருக்கிறதா என்று பார்த்தேன். பிறகு கட்டைவிரலை அழுத்தி நடுவிலிருந்து ஓரம் வரைக்கும் ஓட்டினேன், எங்கே மெலிவு, எங்கே கனம் என்று. யாரும் எனக்கு இதைக் கற்றுக்கொடுத்ததில்லை. திண்ணையில் உட்கார்ந்து தாத்தா செய்வதைப் பார்த்திருக்கிறேன், அவ்வளவுதான்.

பெரியவர் பார்த்துக்கொண்டிருந்தார். மாணவியிடம் என்னவோ சொன்னார். இதற்கு முன் தோல் வேலை செய்திருக்கிறீர்களா என்று கேட்கிறார் என்றாள்.

இல்லை என்று சொன்னேன்.

யோசித்துச் சொன்ன பொய் இல்லை அது. முப்பது வருசமாக மேடையில் தலித் விடுதலை பேசுகிற வாய் அது. ஏறக்குறைய ஆறாயிரம் கிலோமீட்டர் கடல் தாண்டி, யார் வீட்டு வேலை இது என்று தெரிந்தே தேடி வந்து, அவர் கேட்டதும் பட்டென்று 'இல்லை' என்றது. வெளியே கதவோரம் பேராசிரியர் உட்கார்ந்திருந்தார். அதுதான் காரணமா என்று பிறகு பலமுறை யோசித்தேன். அவருக்கு என் சாதி தெரியும். கல்லூரியில் எல்லோருக்கும் தெரியும். தெரியும் என்று யாரும் காட்டிக்கொள்ள மாட்டார்கள், அதுதான் எங்கள் கல்லூரியின் நாகரிகம். திரும்பி வரும்போது ரயிலில் அவர் கேட்டார்: "உங்களுக்கு எப்படிங்க அந்த ஸ்மெல் தாங்குது?"

"சளி பிடிச்சிருக்கு சார். மூக்கு அடைச்சிருக்கு" என்றேன்.

எங்கள் ஊர் பழைய தென்னாற்காடு மாவட்டத்தில் இருக்கிறது. தாத்தா மோளம் கட்டுகிறவர், அடிக்கிறவர் இரண்டும். சுத்துப்பட்டு ஊர்களிலிருந்தெல்லாம் அவரிடம் மோளம் கட்டிக்கொண்டு போவார்கள். வேப்பங்கட்டையில் மூன்று துண்டாகச் சட்டம் செதுக்கி, இரும்புப் பட்டை வைத்து இணைத்து, கன்றுக்குட்டித் தோலைப் புளியங்கொட்டைப் பசை போட்டு ஒட்டிக் கட்டுவார். ஊர்த்தெருவில் சாவு விழுந்தால் ஆள் வரும். ஆள் என்றால் வாசலுக்கு வராது, தெருமுனையிலேயே நின்று சத்தம் போடும். ராத்திரியோ மழையோ போக வேண்டும். பாடை எடுக்கும் வரைக்கும் அடிக்க வேண்டும். நான் வைக்கோல் பிரியும் தீப்பெட்டியும் தூக்கிக்கொண்டு கூடவே போவேன், மோளத்துக்குச் சூடு காட்ட. எழவு வீட்டில் எங்களுக்குச் சோறு கொல்லைப்புறம், இலை இல்லாமல், துண்டில். நெல்லும் சில்லறையும் தூக்கிப் போடுவார்கள். கையில் கொடுத்தால் தீட்டு.

1984இல் ஊர்த்தெருவில் ஒரு பெரிய தலை செத்துப்போச்சி. தாத்தாவுக்குக் கடுங்காய்ச்சல். நைனாவை வரச் சொன்னார்கள். நைனா வரமாட்டேன் என்றார். அப்போது அவருக்கு முப்பது தாண்டி இரண்டு மூன்று வருசம்தான் இருக்கும். "எங்கப்பன் எழுந்திருக்க முடியாம கெடக்கறாரு, உங்க பொணத்துக்கு நான் ஆடணுமா" என்று தெருமுனையில் நின்றே பதில் சத்தம் போட்டார். அதற்குப் பிறகு மூன்று மாதம் எங்களுக்குக் கழனி வேலை இல்லை. வரப்பில் நடக்கக்கூடாது. கடையில் உப்பு இல்லை. ஒருநாள் காலையில் நைனா வீட்டில் இருந்த நாலு மோளத்தையும் தெருமுனைக்குத் தூக்கிக்கொண்டு போய், கொடுவாளால் கிழித்து, கொளுத்திவிட்டார். இனிமேல் இந்தக் காலனியிலிருந்து எவனும் சாவுக்கு மோளம் தூக்கமாட்டான் என்று சத்தியம். இன்றைக்கு வரைக்கும் அந்தச் சத்தியம் நிற்கிறது.

எங்கள் ஊர் வரலாறு என்று நான் எங்கே பேசினாலும் இதைத்தான் சொல்வேன். சொல்லாமல் விடுகிற பாதி ஒன்று உண்டு. மோளம் எரிந்தபோது தாத்தா திண்ணையில் உட்கார்ந்து அழுதார். சத்தியத்தை அவர் எதிர்க்கவில்லை. நல்லதாச்சி, உட்டுது சனியன் என்றுதான் சொன்னார். ஆனால் அதில் ஒரு மோளம் அவர் இரண்டு வருசத்துக்கு முன் கட்டியது. அந்த மாதிரி தோல் இனிமே அமையாதுடா என்று ஒரு வாரம் சொல்லிக்கொண்டே இருந்தார். எனக்கு அப்போது பதினொரு வயது. நான் நைனா பக்கம். அழுகிற கிழவனைப் பார்த்தால் எரிச்சலாக இருந்தது. அடுத்த மழைக்காலத்தில் தாத்தா செத்தார். மோளம் இல்லாமல் எடுத்தோம். காலனியில் மோளம் இல்லாமல் போன முதல் சாவு, மோளம் கட்டினவர் சாவு.

பத்து வருசம் கழித்து, பறை நம் விடுதலைக் கருவி என்று மேடைகளில் எடுத்துவந்தோம். நானும் ஆடினேன். அதை நைனாவிடம் போய்ச் சொன்னபோது சிரித்தார். "நாங்க எறிஞ்சத நீங்க எதுக்குடா பொறுக்கறீங்க?" அதற்கு என்னிடம் அப்போது நீளமான பதில் இருந்தது. இழிவு என்று அவன் சொன்னதை நாம் பெருமை என்று திருப்பிச் சொல்வதே கலகம் என்றெல்லாம் எழுதினேன். அந்தப் பதில் தப்பு என்று இன்றைக்கும் நினைக்கவில்லை. ஆனால் மேடைக்கு நாங்கள் கொண்டுபோன மோளங்களைக் கடையில் வாங்கினோம். பாதிக்கு மேல் பிளாஸ்டிக் தோல். அதற்கு வைக்கோல் பிரி தேவையில்லை.

கருத்தரங்கின் நான்காம் நாள் மதியம் நான் தனியாக மறுபடி நானிவா போனேன். கட்டிய தோல் காய்ந்திருக்கும், ஆணி அடிக்க வரச் சொல்லியிருந்தார் பெரியவர். பேராசிரியர் கியோத்தோவுக்குக் கோயில் பார்க்கப் போயிருந்தார். அதே கியோத்தோவில்தான் 1922 மார்ச் 3 அன்று புராக்கு மக்கள் கூடி 'சுய்ஹெய்ஷா' என்ற சமத்துவ இயக்கத்தைத் தொடங்கினார்கள். ஜப்பானின் முதல் மனித உரிமைப் பிரகடனம் என்று அவர்களுடைய அறிக்கையைத்தான் சொல்கிறார்கள். கறுப்புத் துணியில் ரத்தச் சிவப்பு முள்முடி, அதுதான் கொடி. பேராசிரியரின் வழிகாட்டிப் புத்தகத்தில் அது இருந்திருக்காது.

பட்டறைக்குப் போகும் முன் அந்தப் பகுதியிலேயே இருந்த மனித உரிமை அருங்காட்சியகத்துக்குப் போனேன். 1985இல் தொடங்கியது. புராக்கு மக்கள் தங்கள் காசைப் போட்டுக் கட்டிய பழைய பள்ளிக்கூடம் இருந்த இடம் அது. உள்ளே செருப்பு இருந்தது, மோளம் இருந்தது. 1975இல் அம்பலமான ஒரு மோசடியைப் பற்றியும் இருந்தது: நாடு முழுக்க எந்தெந்த முகவரி புராக்கு என்று பட்டியல் போட்டுப் புத்தகமாக்கி, பெரிய பெரிய கம்பெனிகளுக்கு ரகசியமாக விற்றிருக்கிறார்கள். வேலைக்கு விண்ணப்பம் வந்தால் அதைப் புரட்டிப் பார்த்துக் கழித்துவிடலாம். கல்யாணத்துக்கு முன் துப்பறியும் ஆளை வைத்து விசாரிக்கிற வழக்கமும் உண்டு. மாநகராட்சியும் மாகாண அரசும் 2013இல் இந்த அருங்காட்சியகத்துக்கான நிதியை நிறுத்தின. இடத்தைக் காலிசெய்யச் சொல்லி மாநகராட்சி 2015இல் வழக்குப் போட்டது. நான் போய் வந்த ஆறு மாதத்தில், 2020 மே 31 அன்று, அதை மூடிவிட்டார்கள்.

இதையெல்லாம் பார்த்துவிட்டுத்தான் பட்டறைக்குப் போனேன். பார்த்துவிட்டும் எனக்குப் புத்தி வரவில்லை என்பதைச் சொல்லத்தான் இத்தனையும். குமிழ் ஆணிகளை வரிசையாக அடித்துக்கொண்டிருந்தோம். பெரியவர் முதல் ஆணி, எதிர்ப்பக்கத்தில் நான் இரண்டாவது ஆணி, அப்படி மாறி மாறி. நல்ல மனநிலையில் இருந்தார். நான் அந்த மாணவியிடம் மெதுவாகச் சொன்னேன்: "இவரும் புராக்கு சமூகத்தைச் சேர்ந்தவர்தானா என்று கேளுங்கள்."

அவள் கேட்கவில்லை. என் முகத்தையும் பார்க்கவில்லை. "அந்தக் கேள்வியை நான் மொழிபெயர்க்க மாட்டேன், மன்னிக்கணும்" என்றாள்.

எனக்கு முகத்தில் அறைந்த மாதிரி ஆகிவிட்டது. எத்தனை பேர் என்னிடம் கேட்டிருக்கிறார்கள்! எந்த ஊர்? அந்த ஊரில் எந்தத் தெரு? மாரியம்மன் கோயிலுக்கு இந்தப் பக்கமா, அந்தப் பக்கமா? வாடகைக்கு வீடு தேடிப் போகும்போது, கல்யாணப் பந்தியில், பேருந்தில் பக்கத்து இருக்கையில். சிரித்துக்கொண்டேதான் கேட்பார்கள், நான் இவரைக் கேட்க நினைத்த மாதிரியே, நல்ல எண்ணத்தோடு. நான் வேற, நான் உங்க ஆளு என்று எனக்குள் ஒரு சமாதானம் இருந்தது. ஆனால் என்னைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லாமல், சொல்லக் கேட்டபோதும் இல்லை என்று மறைத்துவிட்டு, அவரை மட்டும் அவிழ்க்கச் சொல்கிறேன். எந்த உரிமையில்?

கொட்டாப்புளியைக் கீழே வைத்தேன். "இதை மொழிபெயர்ப்பீர்களா?" என்று கேட்டுவிட்டுச் சொன்னேன். அன்றைக்குக் கேட்டதற்குப் பொய் சொன்னேன். என் தாத்தா மோளம் கட்டுகிறவர். என் அப்பா அவருக்கு உதவி செய்தவர். எங்கள் ஊரில் அந்த வேலையைச் செய்கிறவர்களைத் தொடமாட்டார்கள். நான் தொடப்படாத சாதி.

அவள் நிறுத்தி நிறுத்தி மொழிபெயர்த்தாள். பெரியவர் கேட்டுக்கொண்டே இருந்தார். 'அப்படியா' என்றுகூடச் சொல்லவில்லை. கொஞ்ச நேரம் கழித்து ஒரு கேள்வி கேட்டார். என்ன தோல்?

கன்றுத்தோல் என்றேன். ஆணியா, கயிறா? ஒட்டுவோம், பசை. எதில் செய்த பசை? புளியங்கொட்டை. இந்த இடத்தில் மாணவி தடுமாறிவிட்டாள். புளி அவளுக்குத் தெரியவில்லை. ஒரு தாளில் புளியம்பழமும் உள்ளே கொட்டையும் வரைந்து காட்டினேன். அவரும் அந்த இளைஞரும் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்கள், வேர்க்கடலை என்று முடிவு செய்தார்கள். இல்லை என்று புரியவைப்பதற்குள் எல்லோரும் சிரித்துவிட்டோம். எப்படிச் சத்தம் சேர்ப்பீர்கள் என்றார். நெருப்பில் காட்டுவோம், அடிக்கும் முன்னால் ஒவ்வொரு தடவையும். அவர் கண்ணை விரித்தார். ஒவ்வொரு தடவையுமா? இங்கே ஒருமுறை இழுத்து ஆணி அடித்தால் தோல் மாற்றும்வரை அதே சுருதிதான். அப்படியென்றால் உங்கள் தாத்தா தினம் தினம் மோளம் கட்டியிருக்கிறார் என்றார்.

பிறகு அவராகவே சொன்னது. அவருடைய அப்பா காலத்தில் மோளத்தை வண்டியில் ஏற்றிக்கொண்டுபோய்க் கோயில் வாசலில் இறக்கிவிட்டுத் திரும்பி வந்துவிட வேண்டுமாம். திருவிழாவில் அதை அடிப்பது வேறு ஆட்கள். கட்டினவர்கள் அந்த வரிசையில் நிற்க முடியாது. அவர்களுக்கு அடிக்கத் தடை, நமக்கு அடிக்காமல் இருக்கத் தடை. இந்தப் பகுதி இளைஞர்கள் 1987இல்தான் நாங்களே அடிக்கிறோம் என்று ஒரு தைக்கோ குழு தொடங்கினார்கள். பெயர் 'இகாரி'. கோபம் என்று அர்த்தம். நைனா மோளத்தைக் கொளுத்தி மூன்று வருசம் கழித்து, இங்கே இவர்கள் மோளத்தைக் கையில் எடுத்திருக்கிறார்கள். இரண்டும் ஒரே காரணத்துக்காக. அங்கே உட்கார்ந்திருந்தபோது இதை யாருக்காவது சொல்ல வேண்டும்போல் இருந்தது. நைனாவைத்தான் நினைத்துக்கொண்டேன்.

பெரியவர் எழுந்துபோய்ப் பரணிலிருந்து ஒரு பழைய மோளத்தை இறக்கினார். தோல் மாற்ற வந்த கோயில் மோளம். இரண்டு பக்கமும் தோல் உரித்து வெறும் கூடாக இருந்தது. கைவிளக்கை உள்ளே காட்டி என்னைக் குனிந்து பார்க்கச் சொன்னார். உட்சுவர் முழுக்க உளித்தடம். அதன் நடுவே மையால் எழுதிய எழுத்துகள், மேலிருந்து கீழாக. மாணவி தட்டுத்தடுமாறிப் படித்தாள். இருநூறு வருசத்துக்கு முந்தைய ஒரு வருசம், மாதம், ஊர்ப்பெயர், ஆள்பெயர். பக்கத்தில் வேறு கையெழுத்தில் பிறகு வந்த ஒரு வருசம், வேறு ஆள், தோல் மாற்றியது. அதன் கீழே இன்னொரு ஆள். வெளிப்பக்கம் கோயிலின் முத்திரை மட்டும்தான்.

"அடிக்கிறவர்கள் இதைப் பார்த்ததே இல்லை" என்றார். "அடுத்துத் தோல் மாற்றுகிறவன்தான் பார்ப்பான்."

என் மோளத்தின் மறுபக்கத்துக்கு இன்னும் தோல் போடவில்லை. ஒரு தூரிகையும் மைக்கல்லும் எடுத்துவந்து முன்னால் வைத்தார். எழுது என்று கையைக் காட்டினார். தமிழில் எழுதலாமா என்றேன். உன் தாத்தாவுக்கு எந்த எழுத்து தெரியுமோ அதில் எழுது என்றார். அவருக்கு எந்த எழுத்தும் தெரியாது. அதை நான் சொல்லவில்லை. கூட்டுக்குள் கையை விட்டு, தலையைச் சாய்த்து, தாத்தா பெயரை எழுதினேன். ஊரில் அவரைக் கூப்பிட்ட மாதிரி குறுக்காமல், முழுசாக. அதன் கீழே நைனா பெயர். நிறுத்திவிட்டேன். நீ, என்றார். நான் கட்டவில்லை, நீங்கள்தான் கட்டினீர்கள் என்றேன். கயிறு இழுத்தாய் இல்லையா என்றார். சின்னதாக என் பெயரும் தேதியும் போட்டேன். மை வழிந்து மூன்றாம் பெயரில் ஒரு கொம்பு அழிந்துபோச்சி. பிறகு ஈரத்தோலைப் போர்த்தி இருவரும் ஆப்பு அடித்தோம். காய்ந்ததும் ஆணி அடித்துத் தபாலில் அனுப்புவதாகச் சொன்னார். பணம், என் பயணப்படியில் பாதி போய்விட்டது.

கடைசி நாள் ராத்திரி விடுதியில் சாப்பிட உட்கார்ந்தபோது, சளி எப்படி இருக்கு என்று பேராசிரியர் விசாரித்தார். "சளியே இல்லீங்க சார். எங்க வீட்டுல மோளம் கட்டறவங்க. அந்த வாடை எனக்குப் பழக்கம்" என்றேன். அவர் சாப்பிடுவதை நிறுத்தவில்லை. ஓஹோ, அப்படியா, ரொம்ப இன்ட்ரஸ்டிங் என்றார். அதன் பிறகு விமானம் ஏறும்வரை தட்பவெப்பம் பற்றிப் பேசினோம்.

2020 பொங்கல் முடிந்து ஒரு வாரத்தில் பார்சல் வந்தது. ஊருக்கு எடுத்துக்கொண்டு போனேன். நைனா திண்ணையில் உட்கார்ந்திருந்தார், முன்னே தாத்தா உட்கார்ந்த அதே இடத்தில். பெட்டியைப் பிரித்து மோளத்தை அவர் முன்னால் வைத்தேன்.

"யாரு செத்தது?" என்றார்.

யாரும் சாகலை, நான் கட்டினது என்றேன். எங்கே, எப்படி, யார் கற்றுக்கொடுத்தது எல்லாம் சொன்னேன். அங்கேயும் நம்மை மாதிரி சனங்கள் இருக்கிறார்கள் என்று சொன்னேன். அங்கியுமா என்று மட்டும் கேட்டார். மோளத்தை மடியில் வைத்தார். முகர்ந்து பார்த்தார். கட்டைவிரலை நடுவிலிருந்து ஓரத்துக்கு ஓட்டினார். ஒரு இடத்தில் நிறுத்தி, "இங்க சவ்வு சரியா சீவல" என்றார். ஆணி வரிசையைத் தடவிப் பார்த்து, இத்தனை ஆணி எதுக்கு, பசை இல்லையா அவங்க ஊர்ல என்றார். கூட வந்த இரண்டு குச்சியையும் சேர்த்துப் பிடித்துப் பார்த்தார். இரண்டும் ஒரே கனம், ஒரே நீளம். "ரெண்டும் அடிக்குச்சியா? சிம்புக்குச்சி இல்லாம இது எப்டிப் பேசும்?"

அடித்துப் பாருங்கள் என்று நான் சொல்லவில்லை. அவரும் அடிக்கவில்லை. தூக்கிக் காதோரம் வைத்து ஆட்டிப் பார்த்தார்.

"உள்ள இன்னாடா வச்சிருக்காங்க?"

"ஒண்ணுமில்ல நைனா" என்றேன்.